பெரியப்பா கழுத்தில் விழுந்த மாலை

திருச்சி எடமலைப்பட்டி புதூரில் என் பெரியப்பா தன் மகள் வீட்டில் இருக்கிறார். அந்த வீட்டின் வாசல் கதவுக்குப் பின்னால் ஓர் ஆணி. அதில் ஒரு கறுப்புக் குடையும் ஒரு கதர் நூல் மாலையும் சேர்ந்து தொங்கும். மாலை ஒரு காலத்தில் வெள்ளையாக இருந்திருக்கும். எனக்குத் தெரிந்த நாள் முதல் அது பால் அதிகம் விட்ட டீயின் நிறத்தில்தான் இருந்தது. அதற்கு முன்பு நாங்கள் எல்லாரும் சேர்ந்திருந்த ஜீயபுரத்து வீட்டிலும் அதற்குக் கதவுக்குப் பின்னால்தான் இடம். கதவைத் திறந்தால் மாலை மறைந்துவிடும், விருந்தாளி யார் கண்ணிலும் படாது. நாட்டையே ஆண்ட ஒரு தலைவர் தன் கழுத்திலிருந்து கழற்றிப் போட்ட மாலை அது. வேறு வீடாக இருந்தால் கண்ணாடிச் சட்டம் போட்டு, சின்ன பல்பு எரியவிட்டு, நடுக்கூடத்தில் மாட்டியிருப்பார்கள். எங்கள் வீட்டில் அது குடைக்குத் துணை.

எந்தத் தலைவர் என்று நான் சொல்லப்போவதில்லை. சொன்னால் நீங்கள் அவரைப் பார்க்க ஆரம்பித்துவிடுவீர்கள், என் பெரியப்பாவைப் பார்க்க மாட்டீர்கள். இது என் தொழில் அனுபவத்தில் சொல்வது.

நான் கைக்குழந்தையாக இருந்த வருஷம் அந்தத் தலைவர் ஜீயபுரம் பக்கம் நெல் வயல்களைப் பார்க்க வந்தார். கூடவே படம் எடுக்கிறவர்களும் வந்தார்கள். எங்கள் தெருவுக்கும் ரோட்டுக்கும் நடுவே ஒரு வாய்க்கால். அதைக் கடக்க இரண்டு பனந்தடிகளைச் சேர்த்துப் போட்டிருந்தார்கள். மழைக்காலத்தில் அதில் கால் வைப்பதற்குத் தனி தைரியம் வேண்டும். தலைவரிடம் ஒரே ஒரு விவசாயி ஒரே ஒரு வார்த்தை பேசலாம் என்று அதிகாரிகள் சொன்னதும், ஊர் கூடி என் பெரியப்பாவைத் தேர்ந்தெடுத்தது. எட்டாம் வகுப்பு வரை படித்தவர், குரல் கணீரென்று இருக்கும், பயப்படமாட்டார். கேட்க வேண்டியது பாலம்.

பயிற்சி கொடுத்தவர் மாமா, அதாவது என் பெரியம்மாவின் தம்பி. அவருக்கும் பெரியப்பாவுக்கும் வயதில் நாலைந்து வருஷம்தான் வித்தியாசம், கூட்டாளிகள் மாதிரி இருப்பார்கள். மாமாவுக்கு எதிலும் ஒரு திட்டம் உண்டு. நாம் வீட்டில் பேசுகிற தமிழ் டெல்லியிலிருந்து வருகிறவர்களின் மொழிபெயர்ப்பாளருக்குப் புரியாது, ரேடியோவில் செய்தி வாசிப்பதுபோல் சொன்னால்தான் புரியும் என்பது அவருடைய முடிவு. ஆகவே "பாலம் வேணுங்க" என்பது கூடாது. "பாலம் வேண்டும் ஐயா" என்று ஒவ்வோர் எழுத்தையும் அழுத்திச் சொல்ல வேண்டும். ஒரு வாரம் தினமும் சாயங்காலம் மாமா வண்டியின் நுகத்தடியில் தலைவராக உட்கார்ந்திருப்பார். பெரியப்பா வந்து கைகூப்பி, "பாலம் வேண்டும் ஐயா" என்பார். மாமா கண்ணை மூடி, தாடையைத் தடவி, "ஆகட்டும்" என்பார். மாமா இல்லாத நேரத்தில் பெரியப்பா பசுமாட்டிடம் சொல்லிப் பார்த்தாராம். மாடு ஒன்றும் சொல்லவில்லை என்று பெரியம்மா பல வருஷம் சொல்லிச் சிரிப்பார்.

தலைவர் வந்தார். வரப்பில் நடந்தார். பெரியப்பா கைகூப்பிச் சொல்ல வேண்டியதைச் சொன்னார். பக்கத்தில் நின்ற மொழிபெயர்ப்பு அதிகாரி தலைவரின் காதில் ஏதோ சொன்னார். தலைவர் முகம் மலர்ந்தது. தன் கழுத்தில் இருந்த நூல் மாலையைக் கழற்றிப் பெரியப்பா கழுத்தில் போட்டார், தோளில் தட்டினார், போய்விட்டார். ஊர்க்காரர்கள் எல்லாரையும் கயிறு கட்டித் தூரத்தில் நிறுத்தியிருந்ததால் பெரியப்பா என்ன சொன்னார் என்பது யார் காதிலும் விழவில்லை. மாலை விழுந்ததை மட்டும் எல்லாரும் பார்த்தார்கள்.

சில மாதம் கழித்து அந்தப் படம் தியேட்டர்களில் வந்தது. அப்போதெல்லாம் சினிமாவுக்கு முன்னால் நாட்டைப் பற்றிய ஒரு செய்திப் படம் போடுவார்கள். எங்கள் ஊரே கிளம்பி ஸ்ரீரங்கத்துக்குப் போய் டிக்கெட் எடுத்தது. திரையில் தலைவரின் முகம் பெரிதாக வந்தது. அவருக்கு எதிரே பெரியப்பாவின் காதும் பிடரியும் தெரிந்தன. தலைவர் சிரித்தார், மாலையைப் போட்டார், அப்போதுதான் பெரியப்பாவின் முகம் தெரிந்தது. முப்பத்திரண்டு பல்லும் தெரியச் சிரித்துக்கொண்டிருந்தார். பின்னாலிருந்து ஒரு குரல், விளைச்சல் கண்ட உழவர் தம் மகிழ்ச்சியைத் தலைவரிடம் தெரிவிக்கிறார் என்று சொன்னது. தியேட்டர் இருட்டில் மாமா எழுந்து நின்று கத்தினாராம்: "பாலம் கேளுங்கன்னு அனுப்புனா மாலை கேட்டு வாங்கியிருக்காரு பாருங்க!" தியேட்டரே சிரித்தது.

அது சிரிப்போடு போயிருக்க வேண்டிய விஷயம். அந்த ஐப்பசியில் மாமாவின் அம்மா பனந்தடியில் வழுக்கி விழுந்து இடுப்பு எலும்பு முறிந்தது. அதற்குப் பிறகு அவர் நிமிர்ந்து நடக்கவே இல்லை. அன்றிலிருந்து மாமா பெரியப்பாவை மச்சான் என்று கூப்பிடுவதை நிறுத்திவிட்டார். "என்ன மாலை, சௌக்கியமா?" என்பார், அதுவும் கல்யாண வீட்டில், நாலு பேர் நடுவில். ஊரும் பிடித்துக்கொண்டது. எங்கள் வீடு மாலை வீடு ஆனது. நாங்கள் மாலை வீட்டுப் பிள்ளைகள் ஆனோம். தம்பிக்கும் கணவருக்கும் நடுவில் பெரியம்மா எந்தப் பக்கமும் பேசாமல் பரிமாறிக்கொண்டே இருந்தார்.

பெரியப்பா சண்டை போட்டதில்லை. "மூணு தடவ சொன்னேன்" என்பார், அவ்வளவுதான். காபி டம்ளரைக் கீழே வைத்துவிட்டு, யாரிடமும் இல்லாமல் சுவரிடம் சொல்வதுபோல, "பாலம்னு மூணு தடவ சொன்னேன்." நாங்கள் பிள்ளைகள் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்வோம். அவர் வெளியே போனதும் நான் துண்டை மாலையாகப் போட்டுக்கொண்டு, பல்லைக் காட்டி, மூன்று விரலை நீட்டி நடித்துக் காட்டுவேன். வீட்டில் எல்லாரும் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். ஒருநாள் அவர் செருப்பை மறந்து திரும்பி வந்து வாசலில் நின்றதை நான் பார்க்கவில்லை. திரும்பிப் பார்த்தபோது செருப்பை மாட்டிக்கொண்டு போய்க்கொண்டிருந்தார். இன்றைக்கும் அதை நினைத்தால் எனக்கு முகம் சுடும்.

பாலம் பின்னால் வந்தது. யாரும் கேட்காமல், எந்தத் தலைவரும் வராமல், ஒரு கோடையில் நாலு ஆட்கள் வந்து அளந்து, அடுத்த கோடையில் கட்டிவிட்டுப் போனார்கள். பெயர் மட்டும் மாறவில்லை.

நான் வளர்ந்து படத்தொகுப்பு வேலைக்குப் போனேன். ஸ்ரீரங்கத்தில் என் வீட்டு முன்னறையிலேயே இரண்டு மானிட்டர் வைத்துக்கொண்டு ஆவணப் படங்கள் வெட்டி ஒட்டுகிறேன். இருபது வருஷத்துக்கு மேல் இந்த வேலையில் இருந்து ஒன்று கற்றுக்கொண்டேன். நாட்டைப் பற்றிய பழைய படங்களில் நாடு குறைவாகவும் தலைவர் நிறையவும் இருப்பார். அணை கட்டுகிறார்கள் என்றால் அணை வரும், உடனே தலைவர் வருவார். வெள்ளம் வந்தால் வெள்ளம் கொஞ்சம், விமானத்திலிருந்து அதைப் பார்க்கும் தலைவர் நிறைய. பள்ளிக்கூடம், ஆலை, ஆஸ்பத்திரி எல்லாமே அவர் நடந்துபோகப் பின்னால் கட்டிய திரைச்சீலைபோல இருக்கும். அவர் சட்டகத்தை விட்டு வெளியே போன கணத்தில் காட்சி முடிந்துவிடும். பழைய ஆட்களைக் குறை சொல்ல எனக்கு யோக்கியதை இல்லை. நானும் அங்கேதான் வெட்டுவேன். கை தானாக அங்கே போகும்.

போன வருஷம் அந்தத் தலைவரைப் பற்றி ஒரு புதிய ஆவணப் படம் எடுக்கும் டைரக்டர் எனக்கு ஒரு ஹார்ட் டிஸ்க் அனுப்பினார். பழைய பிலிம் சுருள்களிலிருந்து கணினிக்கு மாற்றிய காட்சிகள். படத்தில் சேர்த்தவை மட்டுமல்ல, வெட்டித் தள்ளியவையும் கலந்து கிடந்தன. தலைவர் மக்களோடு கலந்து பழகிய இடங்களை எடுங்கள் என்பது உத்தரவு. ஒரு காலை, பத்து பத்தரை இருக்கும், இட்லித் தட்டைக் கையில் வைத்துக்கொண்டே பார்த்துக்கொண்டிருந்தேன். வரப்பு, வாழைத்தோப்பு, தூரத்தில் கயிற்றுக்குப் பின்னால் கூட்டம். பிறகு கறுத்த, ஒல்லியான, சட்டைப் பொத்தானைக் கழுத்துவரை போட்ட ஒரு முப்பது வயது ஆள். என் தங்கை மகன் மாதிரி இருக்கிறானே என்று நினைத்தேன். அடுத்த நொடி இட்லித் தட்டு கீழே போனது.

அது தியேட்டரில் ஊர் பார்த்த காட்சி அல்ல. வெட்டாத முழு நீளம். தலைவரின் பெரிய முகத்தையும் எதிரே யாரோ ஒருவரின் காதையும் பிடரியையும் வேறு எங்கிருந்தோ எடுத்து நடுவில் ஒட்டியிருக்கிறார்கள் என்பது அப்போதுதான் புரிந்தது. உண்மைக் காட்சியில் பெரியப்பா கேமராவைப் பார்த்தபடிதான் பேசுகிறார். வாய் நன்றாகத் தெரிகிறது. அந்தக் காலத்தில் இந்தப் படங்களைச் சத்தம் இல்லாமல் எடுத்துவிட்டுப் பிறகுதான் குரல் சேர்ப்பார்கள். ஆகவே வாய் அசைகிறது, குரல் இல்லை. அதிகாரிக்கு நேர் பின்னால் ஒருவர் தவில் அடித்துக்கொண்டிருக்கிறார். கேட்காவிட்டாலும் கை போகிற வேகம் தெரிகிறது. மாலை விழுகிறது, பெரியப்பா பல்லைக் காட்டுகிறார். சிரிப்பு என்று ஊர் சொன்னது கூச்சம்தான் என்று கண்டுபிடிக்க எடிட்டர் கண் தேவையில்லை. தியேட்டர் படம் அங்கே முடிந்துவிட்டது. இது முடியவில்லை. மாலை போட்ட கழுத்தோடு பெரியப்பா மறுபடி வாயைத் திறக்கிறார். தலைவர் நகர்ந்து சட்டகத்தை விட்டுப் போய்விடுகிறார். கேமராக்காரர் அணைக்க மறந்திருக்க வேண்டும். வெற்று வரப்பில் பெரியப்பா மட்டும் நின்று, போகிற முதுகைப் பார்த்து, இன்னொரு முறை வாயைத் திறந்து மூடுகிறார்.

மூன்று தடவை.

சொன்னது பாலமா மாலையா? என் பெரியப்பாவை நான் நம்பியிருக்க வேண்டும்தான். ஆனால் என் நம்பிக்கையால் மாமாவுக்கு என்ன ஆகப்போகிறது? எங்கள் கீழ் வீட்டில் ஒரு டீச்சர் இருக்கிறார். ஒன்பது வயதில் காய்ச்சல் வந்து காது போனவர். காது கேளாத பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லிக்கொடுக்கிறார். நாம் பேசினால் உதட்டைப் பார்த்தே பதில் சொல்வார். என்ன கதை என்று ஒன்றும் சொல்லாமல் அவரை மேலே கூட்டிவந்து படத்தைக் காட்டினேன்.

முதல் தடவை பார்த்துவிட்டு உதட்டைப் பிதுக்கினார். "மாலை வேண்டும்னு சொல்றாரா? இல்ல பாலமா? 'ப'வும் 'ம'வும் எனக்கு ஒண்ணுதாங்க. உதடு மூடித் தெறக்கும், அவ்வளவுதான் தெரியும்."

அந்த இரண்டு வார்த்தைதான் டீச்சர், அதில் எது என்றுதான் தெரிய வேண்டும் என்றேன்.

"மெதுவா ஓட்டுங்க. மொத எழுத்த விடுங்க, கடைசிய பாப்போம்."

காட்சியை ஒவ்வொரு ஃபிரேமாக நகர்த்தினேன். டீச்சர் மானிட்டருக்கு ஒரு சாண் தூரத்தில் முகத்தை வைத்துக்கொண்டார். பெரியப்பாவின் உதடு திறந்தது, நாக்கு மேலே போனது, பிறகு உதடு அழுத்தமாக மூடியது. அதற்குப் பிறகுதான் 'வே'க்குத் திறந்தது.

"பாலம்" என்றார் டீச்சர். "மாலைன்னா நடுவுல உதடு மூடாது. இது 'ம்'. சந்தேகமே இல்ல." பிறகு சிரித்தார். "ஆனா ஒண்ணுங்க. நாம வீட்ல பேசறப்ப கடைசி 'ம்'ம மூக்கோட விட்டுடுவோம், உதடு மூடாது. அப்படி சொல்லியிருந்தா என்னால சொல்லியிருக்கவே முடியாது. இவரு என்ன, ரேடியோல பேசற மாதிரி இவ்வளவு அழுத்திப் பேசறாரு?"

நான் அழுதுவிட்டேன். ஏன் என்று அவருக்குப் புரியவில்லை. மற்ற இரண்டு தடவையும் அதே வார்த்தைதான் என்று உறுதிசெய்துவிட்டுத்தான் கீழே இறங்கினார்.

அன்றைக்கே எடமலைப்பட்டி புதூருக்கு ஓடினேன். பெரியப்பாவுக்கு எண்பது தாண்டிவிட்டது. பேப்பரை முகத்துக்கு அருகில் வைத்துப் படித்துக்கொண்டிருந்தார். லேப்டாப்பைத் திறக்கப் போனேன். கையை நீட்டித் தடுத்தார்.

"எனக்கு எதுக்கும்மா? நான் என்ன சொன்னேன்னு எனக்குத் தெரியும். அவனுக்குக் காட்டு."

அவ்வளவுதான் சொன்னார், மறுபடி பேப்பரை எடுத்துக்கொண்டார்.

மறுநாள் ஜீயபுரம் போனேன். மாமா வாழைக்குக் கட்டும் கயிற்றைப் பிரித்துக்கொண்டிருந்தார். "அந்தப் படத்த நான் அப்பவே பாத்தாச்சு. அந்தப் பல்ல இன்னொரு தடவ பாக்கணுமா?" என்றார். இது நீங்கள் பார்க்காத பாதி மாமா என்று சொல்லி, வெயில் படாத பக்கமாக லேப்டாப்பை வைத்து ஓட்டினேன். டீச்சர் சொன்ன எதையும் நான் சொல்லவில்லை. அவருக்கு டீச்சர் தேவைப்படவும் இல்லை. அந்த வாயை ஒரு வாரம் நுகத்தடியில் உட்கார்ந்து பார்த்தவர் அவர்தானே. பெரியப்பா கைகூப்பியதும் மாமாவின் உதடும் அவரை அறியாமல் கூடவே அசைந்தது. பாலம் வேண்டும் ஐயா.

"இன்னொரு தடவ போடு."

போட்டேன். மாலை விழுந்தது. பெரியப்பா மறுபடி வாயைத் திறந்தார். தலைவர் போனார். வெற்று வரப்பில் பெரியப்பா மூன்றாம் முறை சொன்னார்.

"அவரு போயிட்டாரே" என்றார் மாமா. "போனப்புறமும் சொல்லிட்டு நிக்கிறாரே." கயிற்றைக் கீழே போட்டுவிட்டு எழுந்தார். "ரேடியோ மாதிரி பேசணும்னு நான்தான் சொன்னேன். அந்தத் தவிலுக்கு நடுவுல எந்தத் தமிழ்ல சொன்னாத்தான் என்ன கேட்டிருக்கும்?" உள்ளே போய்ச் சட்டை மாற்றிக்கொண்டு வந்தார். என் கார் வாய்க்கால் பாலத்தில் ஏறியபோது ஜன்னல் வழியாகக் கைப்பிடிச் சுவரையே பார்த்துக்கொண்டு வந்தார்.

எடமலைப்பட்டி புதூரில் இறங்கியதும் மாமா உள்ளே வரவில்லை. வாசற்படியிலேயே நின்றார். உள்ளே நாற்காலியில் பெரியப்பா. ஐம்பது வருஷமாக ஒரே வார்த்தையால் கூப்பிட்டுப் பழகிய வாய் சட்டென்று வேறு வார்த்தைக்குத் திரும்புமா என்று எனக்குப் பயமாக இருந்தது. மாமா தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"மச்சான்" என்றார்.

பெரியப்பா பேப்பரை மடித்து வைத்தார். நாற்காலியின் கையைப் பிடித்து மெதுவாக எழுந்து, இரண்டு கையையும் கூப்பி, முகத்தில் ஒரு சிரிப்பும் காட்டாமல், ஒவ்வோர் எழுத்தையும் அழுத்தி, "பாலம் வேண்டும் ஐயா" என்றார்.

மாமா கண்ணை மூடினார். தாடையைத் தடவினார். அதற்கு மேல் அவரால் தலைவராக இருக்க முடியவில்லை. அழுதுகொண்டே "ஆகட்டும், ஆகட்டும்" என்றார். இரண்டு கிழவர்களும் கையைப் பிடித்துக்கொண்டு நின்றதைப் பார்த்துப் பெரியப்பா மகள் அடுப்பை அணைக்காமல் ஓடிவந்தாள். பால் பொங்கி வழிந்து, அதன் பிறகு குடித்த காபியில் தீய்ந்த வாசனை இருந்தது. யாரும் குறை சொல்லவில்லை. பெரியம்மா இருந்திருந்தால் சொல்லியிருப்பார்.

மாமா கிளம்பும்போது பெரியப்பா கதவுக்குப் பின்னால் கையை விட்டு நூல் மாலையை எடுத்தார். தூசியைத் தட்டி நீட்டினார். "இந்தா, நீ வச்ச பேரு. நீயே எடுத்துட்டுப் போ." மாமா அதை மடித்துத் துண்டுக்குள் வைத்துக்கொண்டார்.

படம் இந்தச் சித்திரையில் முடிந்தது. நான் அந்தக் காட்சியைத் தலைவர் வெளியே போகும் இடத்தில் வெட்டவில்லை. வெற்று வரப்பையும் பெரியப்பாவையும் மூன்றாவது பாலத்தையும் விட்டுவைத்தேன். குரல் எதுவும் சேர்க்கவில்லை. டைரக்டர் வந்து பார்த்தார். மானிட்டரை விரலால் தட்டினார்.

"இந்த ஷாட்ல தலைவர் எங்க மேடம்?"

"இப்பத்தான் சார் போனாரு" என்றேன்.

இன்னொரு முறை ஓட்டச் சொல்லிப் பார்த்தார். "அந்த ஆளு என்னமோ சொல்லிக்கிட்டே இருக்காரே" என்றார். பாலம் கேட்கிறார் என்றேன். தலையாட்டிவிட்டு, இருக்கட்டும் என்று சொல்லிவிட்டுப் போனார். அதைச் சொல்லத்தான் போன ஞாயிற்றுக்கிழமை பெரியப்பாவைப் பார்க்கப் போனேன். செருப்பைக் கழற்றிவிட்டுக் கதவைச் சாத்தும்போது பழக்கத்தில் கண் அந்த ஆணிக்குப் போனது. அதில் இப்போது குடை மட்டும்தான் தொங்குகிறது.